ஒன்பதாவது ஒட்டு

சாப்பாட்டுத் தட்டைக் கையில் வைத்துக்கொண்டு இதைப் படிக்க வேண்டாம். முதலிலேயே சொல்லிவிட்டேன், பிறகு என்னைத் திட்டக் கூடாது.

இது நடந்தது. யாரோ யாருக்கோ சொல்லி என் காதுக்கு வந்த கதை இல்லை. நடந்தது என் அண்ணிக்கு. நானும் அண்ணனும் அவளோடு ஒரே வீட்டில்தான் இருந்தோம். அந்த ஐந்து நாளும் அவள் முகத்தைப் பார்த்தோம். அந்த வாடையை மோந்தோம். பேய் என்றால் நடுராத்திரி, பாழடைந்த பங்களா, நாய் ஊளை என்று காத்திருப்பவர்கள் ஏமாந்துபோவார்கள். இதில் எல்லாமே பட்டப்பகலில், ஆபீஸ் நேரத்தில் நடந்தது. திங்கட்கிழமை மதியம் இரண்டு நாற்பதுக்கு ஆரம்பித்தது.

அண்ணியை 'அவள்' என்று சொல்வதற்கு யாரும் கோபித்துக்கொள்ள வேண்டாம். என்னைவிட நாலு மாதம்தான் மூத்தவள். எங்களுக்குள் மரியாதையெல்லாம் கிடையாது. கரப்பான்பூச்சியைக் கண்டால் எங்கள் வீட்டில் கட்டில்மேல் ஏறுவது அண்ணன், செருப்பை எடுப்பது அண்ணி. அப்படிப்பட்டவள் என்று தெரிந்துகொண்டால் போதும்.

அவளுக்கு வேலை ஒரு படக் காப்பகத்தில். பேசும் படம் வருவதற்கு முன்னால் எடுத்த ஊமைப் படங்களின் ஃபிலிம் சுருள்கள் அங்கே டப்பா டப்பாவாக வரும். இடிக்கிற வீட்டுப் பரணிலிருந்து வரும், மூடிப்போன தியேட்டரின் மாடிப்படிக்கு அடியிலிருந்து வரும். அவற்றைப் பிரித்து, துடைத்து, பிய்ந்த இடங்களை ஒட்டி, ஸ்கேன் மெஷினுக்கு அனுப்ப வேண்டும். அந்தக் காலத்து ஃபிலிம் சட்டென்று தீப்பிடிக்கும். அதனால் ஜன்னல் இல்லாத அறை, எந்நேரமும் ஏ.சி. கோடை வெயிலில் ஸ்வெட்டரைத் தோளில் போட்டுக்கொண்டு பஸ் ஏறுகிற ஒரே ஆள் எங்கள் தெருவில் அண்ணிதான்.

ஃபிலிம் அழுகும் என்பது எனக்கு அவள் சொல்லித்தான் தெரியும். முதலில் படம் மங்கும். அப்புறம் பிசுபிசுக்கும். அப்புறம் பழுப்பாக, தேன் மாதிரி ஒன்று கசியும், நுரைக்கும், கடைசியில் பொடியாகும். ஒவ்வொன்றுக்கும் ஒரு வாடை. அண்ணியின் மேலதிகாரி டப்பாவைத் திறக்காமலே மூடியை மோந்து, "இது போயாச்சும்மா, குப்பைக்கு எடுத்து வை" என்று சொல்லிவிடுவார். அவருக்கு மூக்கு சார் என்று பெயர். நேரில் கூப்பிட்டாலும் சிரிப்பாரே தவிர கோபப்பட மாட்டார்.

இன்னொரு விஷயத்தையும் இங்கேயே சொல்லிவிடுகிறேன். ஃபிலிமுக்கு இரண்டு பக்கம். ஒன்று வழவழப்பு. இன்னொன்றில்தான் படம் பதிகிற மருந்துப் பூச்சு. துண்டுகளை ஒட்டும்போது பக்கம் மாறினால் படம் திரும்பிவிடும், வலது கை இடது கையாகிவிடும். பழைய ஃபிலிமில் கண்ணால் பார்த்துக் கண்டுபிடிக்க முடியாது. ஓரத்தில் ஊசியால் கீறிப் பார் என்பது ஆபீஸ் விதி. ஆனால் கை தேர்ந்தவர்கள் வேறு வேலை செய்வார்கள். கீழுதட்டை நாக்கால் ஈரமாக்கிக்கொண்டு ஃபிலிமின் ஓரத்தை அதில் லேசாக வைப்பார்கள். மருந்துப் பக்கமாக இருந்தால் உதட்டில் ஒட்டும். இல்லையென்றால் ஒட்டாது. அரை நொடி வேலை.

'ஃபிலிமை வாயில் வைக்காதீர்' என்று சுவரில் ஒரு போர்டு இருந்தது. அந்த போர்டுக்கு அடியிலேயே உட்கார்ந்து அண்ணி பதினோரு வருஷமாக வாயில் வைத்துக்கொண்டிருந்தாள். ஊசி பட்டால் படத்தில் கீறல் விழும், உதடு பட்டால் விழாது என்பது அவள் கட்சி. கீழுதட்டின் இடது ஓரத்தில் அவளுக்கு எள் அளவு ஒரு மச்சம் உண்டு. எப்போதும் அந்த மச்சத்தின்மேல்தான் வைப்பாள். அண்ணன் அந்த மச்சத்தைப் பார்த்துத்தான் விழுந்தான். அது எங்கள் வீட்டில் பழைய கேலி.

திங்கட்கிழமை. காலை 10.15. ஏழு டப்பாக்கள் வந்தன. கூடவே ஒரு அம்மா வந்தார். எண்பத்துநாலு வயது. பள்ளிக்கூடத்தில் பாடம் நடத்தியவர் என்பதால் டாக்ஸி டிரைவர் முதல் மூக்கு சார் வரை எல்லோரும் டீச்சரம்மா என்றே கூப்பிட்டார்கள். வலது கண் ஏற்கெனவே போய்விட்டது. இடது கண் போய்க்கொண்டிருந்தது.

"இதுல எங்கம்மா நடிச்சிருக்காங்க" என்றார்.

அந்த நடிகையை யாருக்கும் தெரியாது. மூக்கு சார் தேடிப் பார்த்ததில் கிடைத்தது இவ்வளவுதான். நாலு வருஷம் நடித்தார். பதினோரு படம். கதாநாயகியாக இரண்டு, மற்றதில் எல்லாம் தோழி, தங்கை, பக்கத்து வீட்டுப் பெண். பிறகு ஒரேயடியாகக் காணாமல் போய்விட்டார். எந்தப் புத்தகத்திலும் ஒரு வரிகூட இல்லை. பத்துப் படம் அழிந்துவிட்டது. இந்த ஏழு டப்பாவில் இருப்பது பதினோராவது படம், கடைசிப் படம்.

"ஒன்றரை வயசுல என்னை அத்தை தூக்கிட்டு வந்துட்டாங்களாம். அந்த வீட்டுல அம்மா பேச்சையே எடுக்கக் கூடாது. இருந்த போட்டோவையெல்லாம் அடுப்புல போட்டுட்டாங்க" என்றார் டீச்சரம்மா. "கண்ணாடியில என் மூஞ்சியைப் பார்த்து, அம்மா இப்படித்தான் இருந்திருப்பாங்கன்னு நானா நினைச்சுக்குவேன். அவ்வளவுதான்."

"கொஞ்சம் டைம் ஆகும், டீச்சரம்மா" என்றார் மூக்கு சார்.

"சனிக்கிழமை இந்தக் கண்ணுல ஆபரேஷன். பார்வை நிக்குமா போயிடுமான்னு டாக்டருக்கே தெரியல."

"வெள்ளிக்கிழமை பதினோரு மணிக்கு வாங்க" என்றாள் அண்ணி. யோசிக்கவே இல்லை. வாய் முந்திக்கொண்டது.

அவர் போனதும் டப்பாக்களைத் திறந்தார்கள். ஆறு டப்பா குழம்பாக இருந்தது. நனைந்த சாக்ஸை மாதக்கணக்கில் பையில் கட்டி வைத்த வாடை. அது இருவருக்கும் பழகினதுதான். ஏழாவது டப்பாவின் மூடியை மோந்த மூக்கு சார் முகத்தைச் சட்டென்று பின்னால் இழுத்துக்கொண்டார்.

"இது ஃபிலிம் வாடை இல்லையேம்மா."

"பின்ன?"

"சொன்னா சிரிப்ப. வாய் நாத்தம் மாதிரி இருக்கு. சொத்தைப் பல்லு உள்ள வாய்."

அதில்தான் கொஞ்சம் உருப்படியாக இருந்தது. இரண்டு நிமிஷம் ஓடக்கூடிய ஒரு காட்சி. பழைய ஒட்டுகள் எல்லாம் விட்டுப்போய்ப் பத்துத் துண்டாகக் கிடந்தது. பத்துத் துண்டு, ஒன்பது ஒட்டு. நிதானமாகச் செய்தாலும் வெள்ளிக்கிழமைக்குள் முடித்துவிடலாம் என்று அண்ணி கணக்குப் போட்டாள்.

விளக்கு மேஜையில் வைத்துப் பூதக்கண்ணாடியால் பார்த்தாள். ஒரு பெண் கண்ணாடி முன்னால் உட்கார்ந்திருக்கிறாள். தலை லேசாகத் திரும்பி நம்மைப் பார்க்கிறது. நல்ல பெரிய கண்கள். ஆனால் எல்லாக் கட்டத்திலும், மூக்குக்குக் கீழேயிருந்து தாடை வரை ஒரு பழுப்புக் கறை. வாயே தெரியவில்லை. வலது கை கன்னத்துக்குப் பக்கத்தில் தூக்கி இருக்கிறது. கட்டைவிரலும் ஆள்காட்டி விரலும் எதையோ கிள்ளிப் பிடித்த மாதிரி சேர்ந்திருக்கின்றன. விரலுக்கு இடையில் ஒன்றும் இல்லை.

"இவங்க ஏன் சார் கையை இப்படி வெச்சிருக்காங்க?"

"அந்தக் காலத்து ஸ்டைல்மா. வெறுங்கையை எங்க வைக்கறதுன்னு தெரியாது அவங்களுக்கு."

விதிப்படி எல்லாத் துண்டையும் செல்போனில் படம் எடுத்துக்கொண்டாள். கறை எங்கே, எவ்வளவு என்று நோட்டில் எழுதினாள்.

மதியம் 2.40. முதல் ஒட்டு. கீழுதட்டை ஈரமாக்கினாள். ஃபிலிமின் ஓரத்தை மச்சத்தின்மேல் வைத்தாள்.

ஒட்டியது. சரி, மருந்துப் பக்கம். எடுத்தாள்.

இனித்தது.

பதினோரு வருஷத்தில் ஃபிலிமுக்கு ருசி என்று ஒன்றை அவள் அறிந்ததில்லை. இது இனித்தது. வெல்லம் சர்க்கரை மாதிரி இல்லை. காய்ச்சலில் படுத்திருப்பவரின் டம்ளரில் தெரியாமல் குடித்துவிட்டால் வாயில் ஒரு தித்திப்பு நிற்குமே, அது. குழாயடிக்கு ஓடிப்போய் நாலு தடவை துப்பினாள். அன்றைக்கு எங்களிடம் சிரித்துக்கொண்டே சொன்னாள். நான் பாதிச் சாப்பாட்டில் எழுந்துவிட்டேன்.

செவ்வாய்க்கிழமை. காலை 9.30. முதல் நாள் ஒட்டின துண்டை மேஜையில் போட்டாள். கறை சின்னதாகியிருந்தது. மூக்குக்கும் மேலுதட்டுக்கும் நடுவில் வெள்ளையாகத் தோல் தெரிந்தது. செல்போனைப் பக்கத்தில் வைத்துப் பார்த்தாள். திங்கட்கிழமை எடுத்த படத்தில் அந்த இடம் முழுக்கப் பழுப்பு.

மூக்கு சாரைக் கூப்பிட்டுக் காட்டினாள்.

"அழுகல் கூடும், குறையாதும்மா. அழுகின பழம் மறுபடி காயாகி எங்கயாவது பார்த்திருக்கியா? வேற துண்டைப் படம் எடுத்திருப்ப."

இருக்கலாம் என்று நினைத்தாள். அன்றைக்கு மூன்று ஒட்டுப் போட்டாள். மூன்று தடவை உதடு. மூன்று தடவையும் இனித்தது. கடைசித் தடவை துப்பவில்லை. அதை எங்களிடம் சொல்லும்போது அவளுக்கே முகம் கோணியது. "பழகிடுச்சு போல" என்றாள்.

சாயங்காலம் 6.20. வீட்டில் காபி குடித்துவிட்டு டம்ளரை எடுத்தாள். டம்ளர் வரவில்லை. கீழுதட்டோடு ஒட்டிக்கொண்டு நின்றது. இழுத்தபோது சன்னமாக ஒரு சத்தம் வந்தது. ப்ளாஸ்திரி உரிக்கும்போது வருகிற சத்தம். நான் எதிரில்தான் இருந்தேன், என் காதால் கேட்டேன்.

அண்ணியின் மகள் பாப்பாவுக்கு அப்போது நாலு வயது. தூங்கப் போகும்முன் அவளுக்கு அண்ணி முத்தம் கொடுத்தாள். குழந்தை கன்னத்தைத் தலையணையில் தேய்த்துத் தேய்த்துத் துடைத்தது.

"அம்மா வாய் நாறுது. நீ அந்தப் பக்கம் போ."

குழந்தை சொன்னால் சிரித்துவிட்டுப் போவோம். யாரும் சிரிக்கவில்லை. அந்த வாடை எங்கள் எல்லோருக்கும் வந்துகொண்டிருந்தது.

புதன்கிழமை. காலை 6.00. அண்ணியின் தலையணையில் பழுப்பாக ஒரு கறை. உள்ளங்கை அகலம். தேன் மாதிரி திக்காக, காயாமல் இருந்தது. அதில் அவள் தலைமுடி நாலைந்து ஒட்டிக்கிடந்தது. உறையை நான்தான் கழற்றினேன். கையில் பட்டது. மூன்று தடவை சோப்புப் போட்டுக் கழுவியும் விரல்கள் ஒன்றோடொன்று ஒட்டின. இதை எழுதும்போதுகூட விரலைத் தேய்த்துப் பார்த்துக்கொள்கிறேன்.

கீழுதடு வீங்கவில்லை, புண்ணும் இல்லை. நிறம்தான் போயிருந்தது. பழுப்பு. ஓரம் மட்டும் நுரை கட்டின மாதிரி.

"இன்னிக்கு லீவு போடு" என்றான் அண்ணன்.

"வெள்ளிக்கிழமை டீச்சரம்மா வராங்க."

போய்விட்டாள். ஐந்தாவது ஒட்டை முடித்தாள். ஒட்டின துண்டுகளில் எல்லாம் மேலுதடு முழுசாகத் தெளிந்திருந்தது. பயம் அப்போதுதான் வந்தது. ஆறாவது ஒட்டுக்கு உதட்டை வைக்கவில்லை. ஊசியை எடுத்தாள். நேரம் 11.20. கீறிப் பார்த்து ஒட்டிவிட்டுச் சாப்பிடப் போனாள். சாப்பாடு முழுக்க அந்த வாடைதான் வந்தது. தண்ணீரும் அதே ருசி. டப்பாவை மூடி வைத்துவிட்டுத் திரும்பினாள்.

மதியம் 1.05. மேஜையில் குனிந்தாள்.

கறை திரும்பியிருந்தது. எல்லாத் துண்டிலும். வாயைத் தாண்டி, மூக்கைத் தாண்டி, கீழிமை வரை ஏறியிருந்தது.

மூக்கு சாரும் பார்த்தார். இந்தத் தடவை அவர் பழத்தைப் பற்றிப் பேசவில்லை. வெகுநேரம் பூதக்கண்ணாடியிலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

"இந்த வேகத்துல போனா நாளைக்குக் கண்ணும் இருக்காதும்மா. டீச்சரம்மாவுக்கு போன் பண்ணி வர வேண்டாம்னு சொல்லிடலாமா?"

அண்ணி, அவர் அறையை விட்டுப் போகும்வரை காத்திருந்தாள். பிறகு ஆறாவது ஒட்டைப் பிரித்தாள். உதட்டை ஈரமாக்கினாள்.

மதியம் 1.50. கண் தெளிந்தது. மூக்கு தெளிந்தது. மேலுதடு தெளிந்தது.

அன்றைக்கு ராத்திரி எங்களிடம் எல்லாவற்றையும் சொன்னாள். அண்ணன் கத்தினான். அவன் கத்தி நான் பார்த்ததே இல்லை.

"யாரோ ஒரு அம்மாவுக்காக உன் வாயை அழுக விடுவியா? நாளையிலிருந்து நீ அங்க போகக் கூடாது."

"இன்னும் மூணு ஒட்டுதாங்க."

"உனக்குப் பைத்தியமா?"

"எண்பத்துநாலு வருஷமா அம்மா மூஞ்சியைப் பார்க்காம இருக்காங்க. சனிக்கிழமைக்கு அப்புறம் காட்டினாலும் தெரியாது. இது ஒரு உதடு. புண்ணு ஆறிடும்."

நான் அப்போது வாயை மூடிக்கொண்டிருந்தேன். அவள் பேசப் பேச அந்த வாடை தாங்காமல் புடவைத் தலைப்பை மூக்கில் வைத்துக்கொண்டிருந்தேன் என்பதுதான் உண்மை. அதை அவள் பார்த்தாள். அந்தப் பார்வைக்காக நான் இன்றைக்கும் என்னையே திட்டிக்கொள்கிறேன்.

வியாழக்கிழமை. ஏழாவது ஒட்டு, காலை 10.30. எட்டாவது, மதியம் 12.15. கீழுதடு பாதி வந்துவிட்டது. அழகான உதடு. ஃபிலிமில் இருந்ததைச் சொல்கிறேன். அண்ணியுடையது மாஸ்க்குக்குள் இருந்தது.

மதியம் 3.58. மூக்கு சார் ஸ்கேன் மெஷின் பக்கம் போயிருந்தார். அறையில் அவள் மட்டும். ஏ.சி. சத்தம்... ர்ர்ர்ர்ர் என்று ஒரே சீராக.

4.10. மாஸ்க்கைக் கழற்றினாள். ஒன்பதாவது ஒட்டு.

ஓரத்தை உதட்டில் வைத்தாள்.

ஒட்டியது.

எடுக்கப் பார்த்தாள்... வரவில்லை.

ஏ.சி. சத்தம் நின்றிருந்தது.

லேசாக இழுத்தாள். ஃபிலிம் இழுத்துப் பிடித்தது. அவள் இந்தப் பக்கம் இழுக்க, அது அந்தப் பக்கம்.

ச்ப்... ச்ப்...

எச்சில் சத்தம். அவள் வாயிலிருந்து வரவில்லை.

ஃபிலிமின் அந்தப் பக்கத்திலிருந்து ஏதோ பட்டது.

ஈரமாக.

வெதுவெதுப்பாக.

நாக்கு நுனி.

அவள் உதட்டின்மேல் வலமிருந்து இடமாக... மெதுவாக... ஒரு தடவை போனது.

மச்சத்தில் நின்றது.

இனித்தது.

அண்ணி கண்ணை மூடிக்கொண்டு இரண்டு கையாலும் பிய்த்தாள். வந்துவிட்டது. கூடவே தோலும் வந்தது. துண்டு துண்டாக இல்லை. ஒரே அகலத்தில், நாடா மாதிரி, உதட்டின் இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடி வரை. வலி இல்லை. ஒரு சொட்டு ரத்தம் இல்லை. ஏ.சி. மறுபடி ஓடிக்கொண்டிருந்தது. கடிகாரத்தில் 4.11.

வாஷ்பேசினில் வாந்தி எடுத்தாள். திரும்பி வந்தாள். ஒன்பதாவது ஒட்டைப் போட்டு முடித்தாள். அதுதான் அண்ணி.

வெள்ளிக்கிழமை. காலை 11.07. சின்னத் திரை அறை. முன்வரிசையில் டீச்சரம்மா. பக்கத்தில் மாஸ்க் போட்டுக்கொண்டு அண்ணி. பின்னால் மூக்கு சார். விளக்கை அணைத்தார்கள்.

கண்ணாடி முன்னால் அந்தப் பெண். ஒரு கறை இல்லை. நேற்று எடுத்த படம் மாதிரி இருந்தது. தலையைத் திருப்பி நேராகப் பார்த்தாள். விரல்களைக் கிள்ளின மாதிரி சேர்த்துக் கன்னத்துக்குப் பக்கத்தில் வைத்திருந்தாள். சிரித்தாள். நாக்கு நுனி வெளியே வந்து கீழுதட்டை ஈரமாக்கிவிட்டு உள்ளே போனது.

டீச்சரம்மா எழுந்து திரைக்குப் பக்கத்தில் போய்விட்டார். இடது கண்ணை மட்டும் விரித்து, அண்ணாந்து பார்த்தார். அழுதார். அழுகையை அடக்கிக்கொண்டு திரும்பினார்.

"கண்ணு என் கண்ணுதான். நெத்தி, மூக்கு எல்லாம் நான்தான். வாய் மட்டும் என்னை மாதிரி இல்ல." சிரித்தார். "கீழுதட்டு ஓரத்துல மச்சம் ஒண்ணு இருக்கு பாரும்மா. எள்ளு மாதிரி. என்ன அழகு."

அண்ணி எழுந்து கழிவறைக்குப் போனாள். கதவைத் தாழிட்டாள். கண்ணாடி முன்னால் மாஸ்க்கைக் கழற்றினாள்.

மச்சம் இல்லை.

கீழுதடு இருந்தது. ஆறியிருந்தது. மெல்லிசாக, வெளுத்து, ஒரு கோடு கிழித்த மாதிரி. தொட்டுப் பார்த்தாள். விரல் பட்டது உதட்டுக்குத் தெரியவில்லை.

டீச்சரம்மாவின் ஆபரேஷன் பலிக்கவில்லை. சனிக்கிழமையோடு இடது கண்ணும் போய்விட்டது. அவர் கடைசியாகப் பார்த்த முகம் அம்மா முகம் என்று எல்லோரிடமும் சந்தோஷமாகச் சொல்லிக்கொண்டிருந்தாராம். நல்லவேளை, பிறகு தெரிந்ததை அவரிடம் யாரும் சொல்லவில்லை.

இரண்டு மாதம் கழித்து ஆபீசுக்கு ஒரு கவர் வந்தது. அந்தப் படத்துக்குக் கேமரா பிடித்தவரின் பேரன் அனுப்பியிருந்தார். படப்பிடிப்பில் எடுத்த ஒரு போட்டோ. அதே அறை, அதே கண்ணாடி, அதே நாற்காலி. அதே பெண், அதே கை. ஆனால் கிள்ளின விரல்களுக்கு இடையில் ஒரு கைக்குட்டையின் நுனி இருந்தது. கைக்குட்டை மூக்குக்குக் கீழேயிருந்து தாடை வரை மூடியிருந்தது. போட்டோவின் பின்னால் பென்சிலில் எழுதியிருந்தது: 'எல்லா ஷாட்டிலும் வாயை மறைக்கவும். முதலாளி உத்தரவு.'

அந்தப் படத்தில் அவள் வாயை யாரும் எடுக்கவே இல்லை. மறைத்தது அழுகல் இல்லை. எடுக்காத உதட்டைத்தான் அவர்கள் மூன்று பேரும் திரையில் பார்த்திருக்கிறார்கள்.

கவரில் ஒரு பழைய பத்திரிகைத் துண்டும் இருந்தது. அந்த ஸ்டூடியோவில் ஃபிலிம் ஒட்டும் அறையில் வேலை பார்த்த ஒரு பெண்ணிடம், கிழவியான பிறகு, யாரோ பேட்டி எடுத்திருந்தார்கள். நடிகை ஆவதற்கு முன்னால் டீச்சரம்மாவைப் பெற்றவளும் அந்த அறையில்தான் இருந்திருக்கிறாள். பத்துப் பெண்கள், ஒரு நீள மேஜை, ஒரு நாளைக்கு நூறு ஒட்டு. ஈரம் பண்ணத் தண்ணீர்கூடக் கொடுக்க மாட்டார்களாம். நக்கித்தான் ஒட்ட வேண்டும். நடிக்க வந்த பிறகும் முதலாளி அவளை விடவில்லை. பகலில் நடிப்பு, சாயங்காலம் ஒட்டு. மருந்து ஏறி ஏறி நாலாவது வருஷம் உதடு பழுத்தது. படம் பாதியில் நின்றால் நஷ்டம் என்று கைக்குட்டையைக் கொடுத்து நடிக்கவைத்தார்கள். படம் முடிந்த மறுநாள் கேட்டுக்கு வெளியே விட்டார்கள். அந்த முதலாளியின் வாயில் எதை வைக்க வேண்டும் என்று எனக்கு ஒரு யோசனை உண்டு. இங்கே எழுத முடியாது.

பேட்டியின் கடைசிப் பத்தியை அண்ணிதான் எங்களுக்கு வாசித்துக் காட்டினாள். அந்தக் கிழவி சொன்னது அப்படியே:

"அந்தக் கடைசிப் படத்தை அவளே உக்காந்து ஒட்டினா. எங்களைத் தொட விடல. என் மூஞ்சி இதுல முழுசா இல்ல, நானே முழுசாக்கறேன்னு சொன்னா. கீழுதட்டுத் தோல் ஃபிலிம்லயே ஒட்டிக்கிட்டு வந்துடும். அதையும் சேர்த்து வெச்சு ஒட்டுவா. கண்ணாடி சீன்ல மட்டும் ஒன்பது ஒட்டு. நாங்க மூக்கைப் பொத்திக்கிட்டு வெளிய வந்துட்டோம்."

அண்ணி காகிதத்தை மடித்தாள். உணர்ச்சியே இல்லாத அந்தக் கீழுதட்டை, பழக்கதோஷத்தில், நாக்கால் ஒரு தடவை ஈரமாக்கினாள்.

ச்ப்.

அவள் சொல்லியிருந்த அதே சத்தம். நான் எழுந்து வெளியே போய்விட்டேன்.